வாரத்தில் நான்கு நாள் பசிபிக்

ஓனோரிந்தோ கான்யுமிர் முப்பத்தோரு கோடைகளாக ஒரு கண்டத்தின் முதுகெலும்பை மண்வெட்டியால் நகர்த்திக்கொண்டிருந்தார். திங்கட்கிழமைதோறும், காலையில் மாத்தே என்கிற இலைக் கஷாயத்தைக் குடித்து முடித்த கையோடு. இப்படியொரு காரியம் செய்கிறோம் என்று அவருக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் இடுப்புவலிக்கு ஒரு கௌரவமாவது கிடைத்திருக்கும்.

அவருடைய வாழ்க்கை வரலாற்றை இதுவரை யாரும் எழுதவில்லை. எழுத என்ன இருக்கிறது? பிறந்தார், ஆடு மேய்த்தார், இன்னும் மேய்க்கிறார். அர்ஜென்டினாவில் நெயுகேன் மாகாணத்தின் மேற்கு ஓரத்தில் எல்லோரும் செய்வதுபோல, குளிருக்கு ஆடுகளோடு கீழே இறங்குவார், டிசம்பரில் ஆடுகளோடு மேலே ஏறுவார். சொத்து விவரம் கேட்டால் இருநூற்று முப்பது வெள்ளாடு, நான்கு குதிரை, மூன்று நாய், ஒரு மனைவி என்று இந்த வரிசையில் சொல்வார். மனைவி எடெல்மிரா காதுக்கெட்டும் தூரத்தில் இருந்தால் வரிசையைத் தலைகீழாக்கிச் சொல்வார். பள்ளிக்கூடம் இரண்டு வருஷம். யாராவது பார்த்துக்கொண்டிருக்கும்போது குதிரையிலிருந்து விழுந்ததில்லை. இவ்வளவு சாதனையை வைத்துக்கொண்டு ஒரு மனிதன் சரித்திரத்தில் இடம்பிடிப்பது சிரமம்தான். ஆனால் அவர் கோடையில் குடியிருந்த இடம் சந்தேகக் கணவாய். அந்த இடம் அவரைச் சும்மா விடவில்லை.

கணவாய் என்றதும் இரண்டு பக்கமும் பாறைச்சுவர், நடுவில் கழுகு, ஊளையிடும் காற்று என்றெல்லாம் கற்பனை செய்துகொள்கிறவர்கள் காற்றை மட்டும் வைத்துக்கொள்ளலாம். மற்றபடி சந்தேகக் கணவாய் ஒரு கிலோமீட்டர் அகலத்துக்குத் தோசைக்கல்போலத் தட்டையானது, முழங்கால் அளவு புல், கணுக்கால் அளவு சேறு. இவ்வளவு தூரம் நெஞ்சை நிமிர்த்தி வந்த ஆண்டிஸ் மலைத்தொடர் இந்த ஒரு இடத்தில் அசந்துபோய் உட்கார்ந்துவிட்டது. தெற்கே ஒரு கிண்ணம்போன்ற பள்ளத்தாக்கு. பனி உருகிய ஓடை ஒன்று அதன் வழியாக இறங்கி, ஓனோரிந்தோவின் குடிசையையும் பட்டியையும் தாண்டி, கிண்ணத்தின் வாயில் சமவெளியைத் தொட்டதும் நின்று யோசிக்கும். கிழக்கே போனால் அட்லாண்டிக், ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல். மேற்கே போனால் பசிபிக், அதில் கால்வாசித் தூரம்கூட இல்லை. எந்தத் தண்ணீராக இருந்தாலும் யோசிக்கத்தான் செய்யும்.

யோசிக்க விடாமல் பார்த்துக்கொண்டவர்கள் இரண்டு பேர். ஒருவர் ஓனோரிந்தோ. அவருக்குக் கிழக்கே, கணவாயிலிருந்து சற்று இறங்கினால், ஒரு புல்வெளி இருந்தது. ஆடுகள் மத்தியானத்துக்குமேல் அங்கேதான் மேயும். மற்றவர் பெலார்மினோ, எடெல்மிராவின் அண்ணன், சிலி நாட்டுக்காரர். மேற்கே இறங்கினால் அவருடைய புல்வெளி, முப்பது மாடு, உலகத்தைப் பற்றிய உறுதியான அபிப்பிராயங்கள். இரண்டு புல்வெளிக்கும் இந்த ஒரே ஓடைதான். கல்யாணத்துக்கு மறுநாளே மாப்பிள்ளையும் மச்சானும் ஓடைக்கரையில் மண்வெட்டியோடு மோதிக்கொண்டார்கள். மணப்பெண் எடெல்மிரா கல்யாண உடையோடு சேற்றில் இறங்கி, இரண்டு மண்வெட்டியையும் பிடுங்கி, முறை வகுத்தார். திங்கள், செவ்வாய், புதன் கிழக்கே. வியாழன், வெள்ளி, சனி மேற்கே. ஞாயிற்றுக்கிழமை மண்வெட்டி தொடக்கூடாது, உட்கார்ந்து சீட்டு ஆட வேண்டும்.

இந்தச் சட்டத்தில் ஒரு ஓட்டை இருந்தது. சனிக்கிழமை மேற்கே போன தண்ணீர் ஞாயிற்றுக்கிழமையும் மேற்கேதான் போகும். ஆக பெலார்மினோவுக்கு நாலு நாள், ஓனோரிந்தோவுக்கு மூணு நாள். இதை அவர் கல்யாணமான இரண்டாவது வாரமே கண்டுபிடித்து, முப்பத்தோரு வருஷமாக மனைவியிடம் முறையிட்டுவந்தார். எடெல்மிராவும் முப்பத்தோரு வருஷமாக ஒரே பதிலைச் சொல்லிவந்தார்: "எங்க அண்ணன் வரதட்சணையா ஒரு கழுதை குடுத்துச்சுல்ல? அதுக்கு இதுக்குச் சரியாப் போச்சு."

வேலை எளிது. கிழக்கே ஒரு வாய்க்கால், மேற்கே ஒரு வாய்க்கால். புல்லோடு வெட்டிய மண்கட்டிகளை ஒன்றின் வாயிலிருந்து எடுத்து மற்றதன் வாயில் அடைக்க வேண்டும். திங்கட்கிழமை காலை ஏழரை மணிக்கு அந்த ஓடையின் தண்ணீரெல்லாம் அட்லாண்டிக் சமுத்திரத்துக்குச் சொந்தமாகும். வியாழக்கிழமை பெலார்மினோ குதிரையில் வந்து அதைப் பசிபிக்குக்கு மாற்றிக்கொடுப்பார். இரண்டு சமுத்திரமும் ஒரு வார்த்தை புகார் சொன்னதில்லை. குளிர்காலத்தில் எல்லாம் பனிக்கு அடியில். வசந்தத்தில் பனி உருகும்போது நாலாபக்கமும் வெள்ளம். ஆகையால் மனிதன் கைவைக்காவிட்டால் இந்த ஓடை தானாக எந்தப் பக்கம் போகும் என்பதை உயிரோடு இருக்கும் யாரும் பார்த்ததில்லை. பார்க்க வேண்டும் என்று யாருக்கும் தோன்றியதும் இல்லை.

பிப்ரவரி முதல் வாரம் எல்லைக் காவல் சார்ஜென்ட் லூதுவேன்யா ஒரு கடிதத்தோடு வந்து சேர்ந்தார். கடிதம் சாக்கு; எடெல்மிராவின் ஆட்டுப்பால் பாலாடைக்கட்டிக்காக வந்தார் என்பது மூன்று நாய்களுக்கும் தெரியும். வாய் நிறைய மென்றுகொண்டே கடிதத்தைப் பிரித்தார்.

"கமிஷன் வருது. நம்ம இஞ்சினியரம்மா ஒருத்தங்க, அந்தப் பக்கத்து இஞ்சினியர் ஒருத்தர். உங்க ஓடையில சாயம் ஊத்தப் போறாங்க."

"எதுக்கு, கம்பளிக்கா?" என்றார் ஓனோரிந்தோ.

"தண்ணி எந்தப் பக்கம் போவுதுன்னு பாக்க. இந்த மலையில எல்லைக்கோடு தண்ணி பிரியற எடத்துல போவணும்னு அந்தக் காலத்து ஒப்பந்தம். மத்த எடத்துலல்லாம் சிகரம் இருக்கு, சுலபமாப் போச்சு. இங்க என்ன இருக்கு, சேறு. அதான் ரெண்டு கம்பத்துக்கு நடுவுல நாலு கிலோமீட்டரு சும்மா கெடக்கு. இப்ப சாயம் போற பக்கத்தைப் பாத்து ஒரு இரும்புக் கம்பம் நட்டுட்டுப் போவாங்க. பதினாலாம் தேதி, வியாழக்கிழமை."

"வியாழக்கிழமைன்னா மேக்காலதான் போவும்" என்றார் ஓனோரிந்தோ, மழை வந்தால் நனையும் என்பதுபோல.

சார்ஜென்ட் இன்னொரு துண்டு பாலாடைக்கட்டியை எடுத்தபடி சிரித்தார். "மேக்க போனா ஓடை அவங்களுது. ஓடை அவங்களுதுன்னா அது வர்ற இந்தக் கிண்ணம் பூரா அவங்களுது. உங்க வீடு, பட்டி, இப்ப நான் உக்காந்திருக்கற முக்காலி எல்லாம் சிலி."

"ஆடு?"

"ஆட்டைத்தான் விட மாட்டாங்க. அங்க கோமாரி நோயே கிடையாதாம், அதுல ரொம்பக் கறார். நம்ம பக்கத்து ஆடு ஒண்ணு அங்க நின்னாலும் திருப்பி அனுப்ப மாட்டாங்க. சுட்டுக் குழியில தள்ளி சுண்ணாம்பு கொட்டிடுவாங்க. நீங்க வேணா இருக்கலாம். உங்களுக்குக் கோமாரி இல்லேன்னு டாக்டர் எழுதிக் குடுத்தா."

சார்ஜென்ட் தன் நகைச்சுவையைத் தானே ரசித்துக்கொண்டு, மீதி பாலாடைக்கட்டியைச் சேணப்பையில் வைத்துக்கொண்டு இறங்கிப் போனார். ஓனோரிந்தோ பட்டியின் கற்சுவரில் போய் உட்கார்ந்தார். இருநூற்று முப்பது ஆடும் அசைபோட்டபடி அவரைப் பார்த்தன. தாங்கள் வாரத்தில் நான்கு நாள் சட்டவிரோதமாக வெளிநாட்டில் வசித்துவந்த குற்றவாளிகள் என்பது அவற்றின் முகத்தில் கொஞ்சமும் தெரியவில்லை.

இந்தக் கிண்ணத்தைத் தவிர அவருக்கு வேறு கோடை மேய்ச்சல் கிடையாது. கீழே கோடையில் முள்ளும் கல்லும்தான். பக்கத்துப் பள்ளத்தாக்குகளில் ஒவ்வொன்றிலும் ஒரு குடும்பம், ஒவ்வொரு குடும்பத்துக்கும் துப்பாக்கி. கிண்ணம் போனால் ஆடு போச்சு. ஆடு போனால் ஓனோரிந்தோ கான்யுமிர் என்று சொல்ல மிச்சம் இருப்பது ஒரு தொப்பியும் இடுப்புவலியும்தான்.

"இதுல யோசிக்க என்ன இருக்கு?" என்றார் எடெல்மிரா. "அண்ணன்கிட்டப் போயி அந்த ஒரு வியாழக்கிழமையை மட்டும் விட்டுக்குடுக்கச் சொல்லுங்க."

"உங்க அண்ணன்கிட்ட நான் கேக்கறதா?"

"வேற யாரு கேப்பா, ஆடா?"

முப்பத்தோரு வருஷத்தில் ஓனோரிந்தோ பெலார்மினோவிடம் எதையும் கேட்டதில்லை. உப்பு தீர்ந்தபோது உப்பில்லாமல் தின்றார். அதே வைராக்கியம் மறுபக்கத்திலும் இருந்தது. எதிரெதிர்ச் சரிவில் இரண்டு கோவேறு கழுதைகள் நிற்பதுபோல, இரண்டு சம்சாரிகளும் தங்கள் பெருமையை வளர்த்துவந்தார்கள்.

ஞாயிற்றுக்கிழமை பெலார்மினோ வழக்கம்போல வந்தார். ஒரு வட்டப் பாலாடைக்கட்டி கொண்டுவந்திருந்தார், பசும்பாலில் செய்தது. ஆட்டுப்பால் வீட்டுக்குப் பசும்பால் பாலாடைக்கட்டி கொண்டுவருவது அவமானமா அன்பளிப்பா என்று ஓனோரிந்தோவுக்கு இன்றுவரை தீர்மானமாகவில்லை. மூன்று ஆட்டம் சீட்டு ஆடினார்கள். மூன்றிலும் ஓனோரிந்தோ தோற்றார், அதுவும் வேண்டுமென்றே. பெலார்மினோவுக்கு அங்கேதான் சந்தேகம் தட்டியது.

"மாப்ளே, ஒடம்பு சரியில்லையா? கையில ரெண்டு பெரிய சீட்டை வெச்சுக்கிட்டு விட்டுக்குடுக்கறே."

"அதெல்லாம் ஒண்ணுமில்ல மச்சான். வர்ற வியாழக்கிழமைக்குப் பதிலா நீ செவ்வாக்கிழமைத் தண்ணியை எடுத்துக்கிறியா?"

"ஏன்?"

"சும்மாத்தான். ஒரு மாறுதலுக்கு."

பெலார்மினோ சீட்டைக் கவிழ்த்து வைத்தார். "முப்பத்தோரு வருஷமா ஒரே சட்டையைப் போடற ஆளு நீ. ஒனக்கு மாறுதலா?"

எடெல்மிராவுக்குப் பொறுமை போய்விட்டது. அடுப்பங்கரையிலிருந்தே சங்கதியை நாலு வாக்கியத்தில் போட்டு உடைத்தார். கமிஷன், சாயம், கம்பம், சுண்ணாம்பு.

பெலார்மினோ முதலில் நம்பவில்லை. நம்பியதும் சிரிக்கத் தொடங்கினார். ஒரு மாத்தே குடிக்கிற நேரம் சிரித்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அப்போ வாரத்துல நாலு நாள் நீ எங்க நாட்டுல தூங்கியிருக்கே. முப்பத்தோரு வருஷமா. ஒரு வார்த்தை நன்றின்னு சொல்லியிருக்கியா மாப்ளே?"

"தூங்கினது என் வீட்டுல."

"எங்க மண்ணுல கட்டின வீட்டுல. ஏம்மா எடெல்மிரா, கல்யாணம் ஆயி வெளிநாடு போயிட்டேன்னு அம்மா அழுதுச்சே. வெள்ளிக்கிழமையெல்லாம் நீ பொறந்த நாட்டுலதான் இருந்திருக்கே. தெரிஞ்சிருந்தா அவ்ளோ அழுதிருக்காது."

"அண்ணே, விட்டுக்குடுக்கறியா இல்லையா?"

பெலார்மினோ தாடையைச் சொறிந்தார். விட்டுக்கொடுப்பது என்று எப்போதோ முடிவு செய்துவிட்டார். தங்கச்சி வீட்டு ஆட்டைச் சுண்ணாம்பில் புதைக்கிற அளவுக்கு அவர் கெட்டவர் இல்லை. ஆனால் முப்பத்தோரு வருஷத்தில் ஒரே ஒருமுறை அமைந்த சந்தர்ப்பத்தை வீணாக்குகிற அளவுக்கு நல்லவரும் இல்லை.

"குடுக்கறேன். ஒரே ஒரு நிபந்தனை. ஆட்டுப்பால் பாலாடைக்கட்டியைவிடப் பசும்பால் பாலாடைக்கட்டிதான் மேல்னு மாப்ள தன் வாயால சொல்லணும்."

அடுப்பங்கரையில் கரண்டிச் சத்தம் நின்றது. ஓனோரிந்தோ ஜன்னல் வழியாக ஆடுகளைப் பார்த்தார், மனைவியைப் பார்த்தார், மேஜையில் இருந்த அந்த மஞ்சள் வட்டத்தைப் பார்த்தார். நாடு மாறுவது எப்படி இருக்கும் என்று ஒரு நிமிஷம் உண்மையாகவே யோசித்தார்.

"மேல்தான்" என்றார்.

"என்னது மேல்?"

"பசும்பால்."

"பசும்பால்ல என்னது? காதுல விழலையே மாப்ளே, காத்து அடிக்குது."

ஓனோரிந்தோ முழு வாக்கியத்தையும் சொன்னார். வெளியே கட்டியிருந்த குதிரைகள் தலை தூக்கிப் பார்க்கிற அளவுக்குச் சத்தமாக. எடெல்மிரா அன்று இரண்டு பேருக்கும் ராத்திரிச் சாப்பாடு போடவில்லை.

வியாழக்கிழமை கமிஷன் வந்தது. அர்ஜென்டினாவின் சார்பில் இஞ்சினியர் ஓஃபெலியா பிரிசுவேலா. ஒல்லியானவர், ஒப்பந்தத்தின் ஒவ்வொரு ஷரத்தையும் எண்ணோடு சொல்லக்கூடியவர். சிலியின் சார்பில் இஞ்சினியர் ராய்முந்தோ ஓயார்சூன்; பருமனானவர், மேடு ஏறியதில் மூச்சு வாங்கிக்கொண்டிருந்தவர். இரண்டு பக்கத்துக்கும் இரண்டிரண்டு சிப்பாய்கள், கோவேறு கழுதையின் முதுகில் பெயின்ட் மணம் போகாத ஒரு இரும்புக் கம்பம். மூன்று கால் கருவிகளை நட்டார்கள், வானத்தில் இருக்கும் செயற்கைக்கோள்களைக் கலந்து ஆலோசித்தார்கள். ஓனோரிந்தோ சுத்தமான சட்டையில் கைகட்டி நின்றார். பெலார்மினோ சொன்ன சொல் தவறவில்லை. அன்று அவர் மடை மாற்றவே இல்லை. தண்ணீர் நல்ல பிள்ளையாகக் கிழக்கே ஓடிக்கொண்டிருந்தது.

ஓஃபெலியா அம்மாள் சாயப் புட்டியைத் திறந்தார். அதற்குள் ஓயார்சூன் வாய்க்கால் வாயில் குத்தவைத்து உட்கார்ந்துவிட்டார். பருமனானவர் அப்படி உட்கார்ந்தால் அதற்குக் காரணம் இருக்கும். மண்கட்டியின் விளிம்பைக் கட்டைவிரலால் தடவினார். பிறகு ஓனோரிந்தோவின் பூட்ஸைப் பார்த்தார். பிறகு பெலார்மினோவின் பூட்ஸை.

"எங்கப்பா விவசாயிங்க" என்றார் பொதுவாக. "மடை அடைக்கிற மண்கட்டி எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியும். இது யாரு வேலை?"

இரண்டு பேரும் தங்கள் பூட்ஸைக் குனிந்து பார்த்தார்கள்.

ஓஃபெலியா அம்மாள் தன் குறிப்பேட்டைத் திறந்தார். "ஐயா, இந்த இடத்தில குடியிருக்கறவர் நீங்கதான். உங்க வாக்குமூலத்தைப் பதிவு பண்றேன். இந்த ஓடை எந்தப் பக்கம் ஓடும்?"

ஓனோரிந்தோ நேர்மையானவர். அதைவிட முக்கியம், ஒரு கேள்விக்குத் துல்லியமாகப் பதில் சொல்ல வேண்டும் என்று நினைப்பவர்.

"எந்தக் கெழமையிலம்மா?" என்றார்.

குறிப்பேட்டில் பேனா நின்றது. பிறகு எல்லாம் வெளியே வந்தது. திங்கள், செவ்வாய், புதன், வியாழன், வெள்ளி, சனி, சீட்டாட்டம், வரதட்சணைக் கழுதை உட்பட. இரண்டு இஞ்சினியர்களும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். இரண்டு குடியரசுகள், நூறு வருஷத்துக்கு மேற்பட்ட ஒப்பந்தம், தலைநகரங்களில் அலமாரி அலமாரியாக வரைபடம். இங்கே இரண்டு கிழவர்கள் வாராவாரம் பதினோரு சதுர கிலோமீட்டரைக் கைமாற்றிக்கொண்டிருந்திருக்கிறார்கள். ஒருவரும் துப்பாக்கி எடுக்கவில்லை என்பது ஓயார்சூனுக்கு உள்ளூர வியப்பாக இருந்தது.

"இயற்கையான நீரோட்டம்னுதான் ஷரத்துல இருக்கு" என்றார் ஓஃபெலியா அம்மாள். "ரெண்டு வாய்க்காலையும் மூடிடுங்க. தண்ணி தானா எங்க போகுதோ அதுதான் எல்லை."

ஓனோரிந்தோவும் பெலார்மினோவும் ஒரே நேரத்தில் மண்வெட்டியை நோக்கிக் கையை நீட்டினார்கள், பழக்கதோஷம். சம்பந்தப்பட்ட கட்சிக்காரர்கள் ஐம்பது மீட்டர் தள்ளி நிற்க வேண்டும் என்று உத்தரவாயிற்று. சிப்பாய்கள் வாய்க்கால் வாய்கள் இரண்டையும் அழுத்தி அடைத்தார்கள். சாயம் ஊற்றப்பட்டது. பச்சை, எந்தப் புல்லிலும் இல்லாத பச்சை. மணி பதினொன்று.

ஓடை சமவெளிக்கு வந்து நின்றது. சேற்றில் பரவியது. பன்னிரண்டு மணிக்கு ஒரு முற்றம் அளவாக இருந்தது, ஒரு மணிக்கு ஒரு களம் அளவாக. எந்தப் பக்கமும் போகவில்லை. எடெல்மிரா குட்டி ஆடு ஒன்றைச் நெருப்போரம் சிலுவைபோல நட்ட கம்பியில் வாட்டிப் பரிமாறினார். இரண்டு நாட்டுச் சிப்பாய்களும் ஒரே எலும்பிலிருந்து சாப்பிட்டார்கள். ஓனோரிந்தோவுக்கு மட்டும் இறங்கவில்லை. பச்சை விளிம்பு மேற்கே ஒரு சாண் நகர்ந்தால் அவரும் உட்கார்ந்தபடியே கிழக்கே ஒரு சாண் நகர்ந்தார்.

"மேக்கால சரியுது பாரு" என்றார் பெலார்மினோ, எலும்பைச் சூப்பிக்கொண்டே. சொன்னபிறகு மாப்பிள்ளையின் முகத்தைப் பார்த்தார். எலும்பைக் கீழே வைத்தார். "கண்ணு சரியில்ல மாப்ளே. அது வெயிலு."

வெயில் இல்லை. இரண்டரை மணிக்கு மேற்கு ஓரத்தில் ஒரு பச்சை விரல் நீண்டது. பிறகு இன்னொன்று. ஓஃபெலியா அம்மாள் உதட்டைக் கடித்தார். ஓயார்சூன் தன் தேசத்துக்குப் பதினோரு சதுர கிலோமீட்டர் கிடைக்கப்போகிற மகிழ்ச்சியைத் தேடிப் பார்த்தார், வாயில் ஆட்டுக்கறிச் சுவைதான் இருந்தது.

மூன்று மணிக்கு எடெல்மிரா எழுந்து போய்ப் பட்டியின் கதவைத் திறந்தார்.

"என்னம்மா பண்றீங்க?" என்று கத்தினார் ஓஃபெலியா அம்மாள்.

"மூணு மணி. ஆடு மேயப் போற நேரம்."

"சோதனை நடந்துக்கிட்டிருக்கு."

"அதை ஆட்டுக்கிட்டச் சொல்லுங்க. நான் சொன்னாக் கேக்காது."

ஆடுகள் எல்லாம் ஒற்றை வரிசையில், பெரிய கிடா முன்னே, கிண்ணத்தின் வாயைத் தாண்டிச் சமவெளியில் இறங்கின. தினமும் போகும் தடம் அது. சேற்றுக்குள் ஒரு பள்ளமாக, புல் மூடி, கிழக்குப் புல்வெளியை நோக்கி வளைந்து போனது. ஆடுகள் பச்சைத் தண்ணீரை ஆச்சரியமின்றிக் குடித்தன, பச்சைத் தாடியோடு நடந்தன. கடைசி ஆடு கடந்ததும் ஓனோரிந்தோ எழுந்து நின்றார். குளம்பு மிதித்துப் புல் அமுங்கிய அந்தப் பள்ளத்துக்குள் தண்ணீர் இறங்கிக்கொண்டிருந்தது. முதலில் நூல்போல. பிறகு கயிறுபோல. மேற்கே நீண்ட விரல்கள் தளர்ந்து வற்றின. களம் அளவு நின்ற பச்சையெல்லாம் மெல்லத் திரும்பி ஆடுகளின் பின்னால் கிளம்பியது.

"ஆட்சேபிக்கிறேன்" என்றார் ஓயார்சூன். "ஆட்டை விட்டு மடை திறந்தது செயற்கை."

"ஆடு செயற்கையா?" என்று கேட்டார் ஓஃபெலியா அம்மாள். "எந்த ஷரத்து?"

எந்த ஷரத்திலும் ஆடு இல்லை. ஓயார்சூன் மூச்சு வாங்கிக்கொண்டு சேற்றில் இறங்கினார். சட்டைக்கையைச் சுருட்டிக்கொண்டு, தடத்தின் பக்கச்சுவரைக் கத்தியால் செங்குத்தாகச் சீவினார். எல்லோரும் சுற்றி நின்றார்கள். மேலே கறுப்பு மண். அதற்குக் கீழே இரண்டு விரல் கனத்துக்கு வெள்ளைச் சாம்பல். பக்கத்து எரிமலை வெடித்து மூன்று நாள் இருட்டாக இருந்தது என்று இந்தப் பக்கத்தில் எல்லோருடைய பாட்டன்மாரும் சொன்ன அந்தச் சாம்பல். அது சமவெளியில் சமதளமாகப் படிந்திருந்தது. தடத்துக்கு வந்ததும் பள்ளத்தோடு பள்ளமாக வளைந்து இறங்கி, அடியில் போர்வைபோல விரிந்து, மறுபக்கம் ஏறியிருந்தது.

ஓயார்சூன் வெகுநேரம் அதைப் பார்த்தார். கத்தியைத் துடைத்தார்.

"சாம்பல் விழுறதுக்கு முன்னாலயே இங்க பள்ளம் இருந்திருக்கு" என்றார். "இவங்க ரெண்டு பேரும் மண்வெட்டி பிடிக்கறதுக்கு அம்பது வருஷம் முன்னால. தண்ணி போன வழியில ஆடு போச்சா, ஆடு போன வழியில தண்ணி போச்சா, அது எனக்குத் தெரியாது. ஆனா தண்ணி கெழக்கதான் போயிருக்கு. எழுதிக்குங்கம்மா."

தன் நாட்டுக்குப் பதினோரு சதுர கிலோமீட்டரை நஷ்டப்படுத்திவிட்டு, அவர் போய் மீதி இருந்த தொடைக்கறியை எடுத்துக்கொண்டார். ஓனோரிந்தோ தொப்பியைக் கழற்றி, மறுபடி போட்டு, மறுபடி கழற்றினார். என்ன செய்வதென்று தெரியாமல் கடைசியில் மூக்கைச் சிந்தினார்.

கம்பம் தடத்துக்கு மேற்கே நூறு அடியில் நடப்பட்டது. சிப்பாய்கள் சிமென்ட் குழைக்கும்போது பெலார்மினோ முதன்முறையாகக் கமிஷனிடம் வாய் திறந்தார். குரலில் கேலி இல்லை.

"இஞ்சினியரம்மா, ஓடை இனிமே கெழக்கதான்னு எழுதிட்டீங்க. என் முப்பது மாடு வியாழக்கிழமை என்ன குடிக்கும்?"

அங்கே நின்ற எல்லோருக்கும் அது அப்போதுதான் உறைத்தது. எடெல்மிரா அண்ணனைப் பார்த்தார். ஓனோரிந்தோ கம்பத்தைப் பார்த்தார். கம்பத்துக்கு இந்தப் பக்கம் தன் பட்டியும் கிண்ணமும் பத்திரம்; அந்தப் பக்கம் மச்சானுடைய புல்வெளி காயப்போகிறது.

"அம்மா" என்றார் ஓனோரிந்தோ, "அவரு ஒரு வியாழக்கிழமையை விட்டுக்குடுத்ததாலதான் இது. அதுக்கு முன்னால என்னைய ஒரு வார்த்தை சொல்ல வெச்சாருங்கறது வேற விஷயம். தண்ணி அந்தப் பக்கம் போனா மறுபடியும் எல்லை மாறிடுமா?"

ஓஃபெலியா அம்மாள் கருவிகளைப் பெட்டியில் வைத்துக்கொண்டிருந்தார். "எல்லையைக் கண்டுபிடிக்கத்தான் தண்ணி வேணும். கண்டுபிடிச்சாச்சு, கம்பம் நட்டாச்சு. இனிமே எல்லைங்கறது இந்த இரும்புதான். தண்ணி எங்க வேணா போகட்டும். நீங்க அதை வானத்துக்குத் திருப்பினாலும் எங்களுக்கு அக்கறை இல்லை."

"அப்போ இத்தன நாளு தண்ணிக்கு இருந்த அதிகாரம்?"

"இன்னிக்கு மூணே முக்காலோட முடிஞ்சுது."

கமிஷன் கையெழுத்துப் போட்டு, மீதிக் கறியைத் துணியில் கட்டிக்கொண்டு இறங்கியது. இரண்டு கிழவர்களும் மூடிய வாய்க்கால்களின் நடுவில் தனியாக நின்றார்கள். ஓனோரிந்தோ மண்வெட்டியை எடுத்து மேற்கு வாய்க்காலின் வாயைத் தானே வெட்டித் திறந்தார். மச்சானுக்காக அவர் வெட்டிய முதல் மண்கட்டி அது. பச்சைத் தண்ணீர் பசிபிக்கை நோக்கிப் புரண்டது.

பெலார்மினோ கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "மணி நாலரை. காலையில ஏழரைக்குத் தொறக்க வேண்டிய தண்ணி. ஒம்பது மணிநேரம் பாக்கி மாப்ளே."

"நீதானே விட்டுக்குடுத்தே."

"விட்டுக்குடுத்தது சாயம் ஊத்தற வரைக்கும். பதினோரு மணி. அதுக்கப்புறம் அஞ்சரை மணிநேரம் ரெண்டு வாயும் மூடிக் கெடந்துச்சு, அது பொது நஷ்டம். அதுல பாதி, என் பங்கு ரெண்டே முக்கால் மணிநேரம்."

"மூணு மணிக்கு மேல தண்ணி ஆட்டுத்தடத்துல போச்சு. அதை நான் கேக்கலையே. அது எப்படி என் கணக்குல வரும்?"

"ஒன் ஆடுதானே?"

எடெல்மிரா வாட்டுக் கம்பிகளைத் தேய்த்துக் கழுவிக்கொண்டே, திரும்பிப் பார்க்காமல், இத்தனை வருஷமாக அண்ணனுக்குப் போன ஞாயிற்றுக்கிழமைத் தண்ணீரைக் கணக்குப் போட்டால் தலை சுத்தும் என்றும், ரெண்டு பேரும் வாயை மூடிக்கொண்டு உள்ளே வர வேண்டும் என்றும் சொன்னார். அவர்கள் வரவில்லை. இருட்டும்வரை வாய்க்காலின் இரண்டு கரைகளிலும் நின்றுகொண்டு ரெண்டே முக்காலை ரெண்டரையாக்க முடியுமா என்று வாதாடிக்கொண்டிருந்தார்கள். இரண்டு கரையும் அர்ஜென்டினாவா, ஒன்று சிலியா என்று கம்பத்தைத் திரும்பிப் பார்க்க இருவருக்கும் நேரமில்லை.